இரண்டாயிரம் கஜம் நரம்பு

மனித மூளையின் வரலாற்றை இரண்டாகப் பிரிக்கலாம்: பேராசிரியர் சாமுவேல் அடெயன்ஜுவுக்கு முன்பு, பேராசிரியர் சாமுவேல் அடெயன்ஜுவுக்குப் பின்பு. பழுதான நரம்பு மறுபடி முளைக்காது என்று மருத்துவ உலகம் காலங்காலமாகக் கையை விரித்திருந்தது. விரித்த அந்தக் கையைப் பிடித்து மூடிவிட்டவர் அவர்.

அவருடைய பேருரை இப்படித்தான் தொடங்கியது. எழுதியவர் அவரே. எழுதியதைப் படித்துப் பார்த்துக் கண்கலங்கியவரும் அவரே. தட்டச்சு செய்தவள் மட்டும் அரினோலா.

ஓக்கே-அலாரோ பல்கலைக்கழகத்தில் ஒருவர் பேராசிரியர் ஆனால் மட்டும் போதாது. அங்கி அணிந்து, ஊரைக் கூட்டி, பெரிய அரங்கில் ஒரு பேருரை ஆற்றவேண்டும். அதுவரைக்கும் அவர் தாலி கட்டாத மாப்பிள்ளை மாதிரிதான். வரிசை நீளம் என்பதால் அடெயன்ஜுவின் முறை வர ஒன்பது வருடம் பிடித்தது; அவருக்கு வயதும் அறுபத்து மூன்று ஆகிவிட்டது. அந்த ஒன்பது வருடமும் ஊழியர் சங்கத்துச் சாப்பாட்டு மேசையில் யாராவது ஒருவர், "என்ன அடெயன்ஜு, இன்னும் தேதி வரலையா?" என்று கறித்துண்டை மென்றுகொண்டே விசாரிப்பார். இப்போது தேதி வந்துவிட்டது. வியாழக்கிழமை, மாலை ஐந்து மணி. தலைப்பு: 'எழுந்திரு நரம்பே, நீண்டு நட!'

எழுந்து நடக்கவேண்டிய நரம்புக்கு அவர் கொடுத்த மருந்தின் பெயர் அடெ-7. பார்ப்பதற்குச் சாதாரண வெள்ளைப் பொடி. அது மரபணுவை மாற்றாது. மரபணுவைச் சுற்றி இருக்கும் கட்டைத் தளர்த்தும், அவ்வளவுதான். இதை விளங்க வைக்க அவர் ஓர் உவமை வைத்திருந்தார்.

"விருந்துக்குப் போற பொம்பள தலையில கெலே கட்டுவாளே, அப்படி நினைச்சுக்கோங்க. துணியை இறுக்கிக் கட்டிட்டா உள்ள முடி எவ்வளவு நீளம்னு யாருக்குத் தெரியும்? வயசான நரம்புல வளர்ச்சிக்கான மரபணு எல்லாம் அப்படித்தான் கட்டுண்டு கிடக்கு. என் மருந்து முடிச்சை மெல்ல அவுக்கும். முடி தன்னால வெளிய வரும்."

மனைவி பக்கத்தில் இருந்தால் இந்த உவமையை அவர் எடுப்பதில்லை. ஒரேயொரு முறை எடுத்தார். "எங்க, என் முடிச்சுல கை வெச்சுப் பாருங்க. எந்த நரம்பு எங்க முளைக்குதுன்னு நானும் பாக்கறேன்" என்று திருமதி அடெயன்ஜு சபையிலேயே சொல்லிவிட்டார்.

ஆனாலும் பேருரை என்றதும் அந்த அம்மாள் முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு இறங்கினார். விசேஷம் என்றால் வருகிறவர்கள் எல்லாரும் ஒரே துணியில் தைத்துப் போட்டுக்கொண்டு வரவேண்டும். அந்தத் துணி உங்கள் மேல் இருந்தால் நீங்கள் எங்கள் ஆள்; இல்லையென்றால் சோற்றுக்கு வந்த ஆள். வழக்கமாக மயில், காசுமாலை, பனைமரம் என்று ஏதாவது அச்சிடுவார்கள். திருமதி அடெயன்ஜு கணவரின் ஆய்வுக் கட்டுரையைப் புரட்டி, படம் நான்கைத் தேர்ந்தெடுத்தார். உருண்டையாக ஒரு செல், அதிலிருந்து நீளமாக ஓர் இழை, இழையின் நுனியில் கிளை, கிளையில் கிளை. சாயத்துணிக்குப் பேர்போன அபெயோகுட்டாவில் நீலச் சாயத்தில் அச்சாகி வந்தது. ஆளுக்கு ஐந்து கஜம், நானூறு பேர். இரண்டாயிரம் கஜம் நரம்பு.

படம் நான்கை எடுத்தவள் அரினோலா. அதில் இருக்கும் இழையை அளந்தவளும் அவள்தான். அதைப்போல மொத்தம் நாலாயிரத்து முந்நூற்றுப் பன்னிரண்டு இழைகளை மைக்ராஸ்கோப்பில் கண் வைத்து ஒவ்வொன்றாக அளந்து, ஆறு வருடத்தில் ஓர் ஆய்வேடு எழுதி வைத்திருந்தாள். வேலைநிறுத்தத்தில் பல்கலைக்கழகம் பூட்டிக் கிடந்த மாதங்களையும் சேர்த்தால் எட்டு. அவள் இணை விரிவுரையாளர்கூட இல்லை, துணை. டிசம்பருக்குள் முனைவர் பட்டம் வாங்காத துணை விரிவுரையாளர்கள் வேறு வேலை பார்த்துக்கொள்ளலாம் என்று பதிவாளர் அலுவலகத்திலிருந்து கடிதம் வந்திருந்தது. அவளுடைய தேவாலயத்தில் ஏற்கெனவே இரண்டு ஞாயிற்றுக்கிழமை 'நம் சகோதரி டாக்டர் அரினோலா' என்று அறிவித்து எல்லாரும் கைதட்டியும் ஆகிவிட்டது. தட்டிய கையைத் திருப்பி வாங்க முடியாது.

"பேருரை முடியட்டும் மகளே," என்றிருந்தார் பேராசிரியர். "அடுத்த திங்கட்கிழமை உன் ஆய்வேட்டுல கையெழுத்துப் போடறேன். முதல்ல மரம், அப்புறம்தான் கிளை."

ஆய்வகத்தில் மொத்தம் ஐந்து பேர். பேராசிரியர், அரினோலா, முதுகலை மாணவர்கள் இருவர், பிறகு டெக்னீசியன் கமொரு. இருபத்திரண்டு வருடமாக மூன்று பேராசிரியர்களைப் பார்த்துவிட்ட கமொருவுக்கு வாழ்க்கையில் இனி ஆச்சரியப்பட எதுவும் இல்லை என்ற முகம். அரினோலாவை 'டாக்டரம்மா' என்றுதான் கூப்பிடுவார். அதில் மரியாதை எவ்வளவு, கிண்டல் எவ்வளவு என்று பிரித்துப் பார்க்க எந்தக் கருவியும் அந்த ஆய்வகத்தில் இல்லை.

திங்கட்கிழமை காலைகளில் பேராசிரியர் செல் வளர்க்கும் அறைக்கு வந்து தட்டுகளுக்காக ஜெபம் செய்வார். உள்ளங்கை அளவுத் தட்டுகள். மேலே மூடி இருக்கும். அவற்றை வரிசையாக வைத்து, மூடிகளைத் திறந்துவிட்டு, குனிந்து நின்று, கணீரென்ற குரலில் ஜெபிப்பார். முதல் வருடத்தில், அனுபவம் போதாமல், அரினோலா ஒருமுறை சொல்லிப் பார்த்தாள்.

"ஐயா, மூடியைத் திறந்தா காத்துல இருக்கறதெல்லாம் உள்ள விழுந்துடுமே..."

"அரினோலா. ஆசீர்வாதம் பிளாஸ்டிக் வழியா இறங்குமா?"

மருந்து போட்ட தட்டுகளுக்கு மட்டும்தான் ஜெபம். மருந்து போடாமல் ஒப்பிட்டுப் பார்ப்பதற்காக வைத்திருக்கும் தட்டுகள் மூடியபடியே ஒரு ஓரத்தில் இருக்கும். "வளரக்கூடாத தட்டுக்கு எதுக்கு வேண்டுதல்?" என்பது பேராசிரியரின் வாதம். கமொரு முஸ்லிம். ஆனாலும் கடைசியில் மற்ற எல்லாரையும்விட உரக்க ஆமீன் சொல்வார். சொன்னால்தான் சீக்கிரம் முடியும்.

பேருரைக்கு மூன்று நாள் முன்பு, திங்கட்கிழமை மத்தியானம், கமொரு அவளை மைக்ராஸ்கோப் பக்கம் கூப்பிட்டார்.

"டாக்டரம்மா, இதைக் கொஞ்சம் பாருங்க."

பார்த்தாள். உருண்டை, நீள இழை, கிளை. "நல்லா வந்திருக்கே. எந்த நாள் தட்டு?"

"போன வாரத் தட்டு. ஜெபத்துக்கு வரிசையில ஒண்ணு குறைஞ்சுது. குறையா இருந்தா ஐயா கத்துவாருன்னு மருந்தும் ஊட்டத் திரவமும் மட்டும் ஊத்தி ஒரு தட்டு வெச்சேன்."

"சரி..."

"செல்லு போடலை."

அரினோலா கண்ணை எடுத்து அவரைப் பார்த்தாள். மறுபடி கண்ணை வைத்தாள். இழை அப்படியே இருந்தது. இன்னும் சொல்லப்போனால் படம் நான்கைவிட அழகாக இருந்தது.

"கமொரு அண்ணே, நரம்பே போடாத தட்டுல நரம்பு எப்படி முளைக்கும்?"

"அதைத்தான் நானும் கேக்கறேன். நெல்லு விதைக்காத வயல்ல முளைக்கறதுக்கு எங்க ஊர்ல வேற பேர் சொல்லுவாங்க."

அவளுக்குப் புரிந்தது. பூஞ்சையைத் தடுக்கும் மருந்து, அவள் ஆய்வைத் தொடங்குவதற்கு முன்பே துறைமுகத்தில் சுங்கக்காரர்களிடம் சிக்கிக்கொண்டது. அது இல்லாமலேதான் தட்டுகளை ஓட்டிக்கொண்டிருந்தார்கள். நரம்பு செல்கள் இரண்டாம் நாளே செத்து உருண்டு கிடந்திருக்க வேண்டும். பக்கத்தில் வேறு ஏதோ ஒன்று பிழைத்து, சாப்பிட்டு, குடும்பம் நடத்தி, கிளை விட்டிருக்கிறது. அவள் அதை ஆறு வருடம் உட்கார்ந்து அளந்திருக்கிறாள்.

"ஐயாகிட்ட சொல்லணும்," என்றாள்.

"சொல்லுங்க. ஆனா அவர் என்ன சொல்வாருன்னு நான் இப்பவே சொல்லட்டுமா?"

"வேணாம்."

பேராசிரியரின் அறையில் தையற்காரர் அவருக்கு அங்கி அளந்துகொண்டிருந்தார். சிவப்பு அங்கி, நீல ஓரம், உள்ளே படம் நான்கு அச்சிட்ட, தோளிலிருந்து தொங்கும் அகலமான அக்பாடா உடுப்பு. இரண்டையும் ஒன்றின்மேல் ஒன்றாகப் போட்டுக்கொண்டு அவர் கைகளை விரித்து நின்றபோது, அறையில் வேறு யாருக்கும் நிற்க இடம் இல்லை. வாசற்படியிலிருந்தே அரினோலா முழங்கால் மடக்கி வணங்கினாள்.

"ஐயா, ஒரு தட்டுல ஒரு விஷயம் பார்த்தேன். செல்லே போடாத தட்டுல, மருந்து மட்டும் இருக்கு, அதுலயும் இழை வந்திருக்கு, ஐயா."

பேராசிரியர் விரித்த கையை இறக்கவில்லை. தையற்காரர் ஊசியை வாயில் கவ்வியபடி நிமிர்ந்து பார்த்தார்.

"செல்லே இல்லாம?"

"ஆமா ஐயா."

"வெறும் மருந்துல?"

"ஆமா ஐயா. அதனால எனக்கு என்ன தோணுதுன்னா—"

"ஒன்றுமில்லாததிலிருந்து!" என்றார் பேராசிரியர், மேடைக் குரலில். "எழுதிக்கோ. முப்பத்தி ஒண்ணாம் பக்கம், ரெண்டாவது பத்திக்கு அப்புறம். 'அன்பர்களே, அடெ-7 நரம்பை வளர்ப்பது மட்டுமல்ல...' எழுதறியா?"

"ஐயா, அது நரம்பா இல்லாம—"

"'...நரம்பு இல்லாத இடத்திலும் நரம்பை வரவழைக்கிறது!' ஆச்சரியக்குறி ஒண்ணு போதும். ரெண்டு போட்டா பெருமையடிக்கற மாதிரி இருக்கும்."

அவள் ஆய்வகத்துக்குத் திரும்பியபோது கமொரு நிலக்கடலை உரித்துக்கொண்டிருந்தார். முகத்தைப் பார்த்ததும் புரிந்துகொண்டார்.

"எந்தப் பக்கத்துல சேர்த்தாரு?"

"முப்பத்தி ஒண்ணு."

"விடுங்க. பேருரையில யாரும் கேள்வி கேக்கக்கூடாது. அதுதானே விதி? உலகத்துல ஒரே ஒரு நாள், ஒரே ஒரு மணி நேரம், பேராசிரியர் என்ன சொன்னாலும் சரி. நம்ம ஐயாவுக்குன்னே கண்டுபிடிச்ச மாதிரி இருக்கு."

அது உண்மைதான். பேருரையைக் கேட்கலாம், கைதட்டலாம், முரசு அடிக்கலாம். கேள்வி கேட்க முடியாது. ஆனால் அவளுடைய ஆய்வேட்டுக்கு நேர்முகத் தேர்வு உண்டு. வெளியூரிலிருந்து ஒருவர் வந்து மேசைக்கு எதிர்ப்புறம் உட்கார்ந்து கேள்வி மட்டுமே கேட்பார். வாயை மூடிக்கொண்டு போனால் அங்கே மாட்டுவாள். வாயைத் திறந்தால் பேராசிரியர் கையெழுத்துப் போடமாட்டார், டிசம்பரில் வேலை போய்விடும். இரண்டு பக்கமும் யோசித்துக்கொண்டே அவள் தையற்காரியிடம் போய், தன் பங்கு ஐந்து கஜத்தையும் கொடுத்துவிட்டு வந்தாள். தைக்காமல் இருந்தால் கேள்வி வரும்.

வியாழக்கிழமை அரங்கம் நிறைந்தது. ஊர்வலம் வந்தது. செங்கோல் தூக்கியவர், பதிவாளர், துணைவேந்தர், வயது வாரியாகப் பேராசிரியர்கள், கடைசியில் அடெயன்ஜு. பேசும் மத்தளக்காரர் ஒருவர் பக்கவாட்டில் நடந்துவந்து, அவருடைய பாட்டன், முப்பாட்டன் பெயரையெல்லாம் மத்தளத்தில் சொல்லிக்கொண்டே வந்தார். பாட்டன்களில் ஒருவர் யானையைக் கொன்றவராம். குடும்பத்தில் யாரும் இதுவரை கேள்விப்படாத செய்தி. கேட்க நன்றாக இருந்ததால் திருமதி அடெயன்ஜு மத்தளக்காரரின் நெற்றியில் ஒரு பண நோட்டை ஒட்டினார். அரங்கம் முழுக்க நீல நிறத்தில் உருண்டை, இழை, கிளை. பெண்கள் தலையில் கெலே, ஆண்கள் தலையில் தொப்பி. திருமதி அடெயன்ஜுவின் கெலேயில் ஓர் இழை இடது காதிலிருந்து கிளம்பி உச்சி வழியாக வலது காது வரை போனது.

அவையோரை விளிப்பதற்கே பேராசிரியருக்குப் பதினான்கு நிமிடம் ஆனது. பிறகு மனித மூளையின் வரலாற்றை இரண்டாகப் பிரித்தார்.

அரினோலா பின்வரிசையில் விருந்தினர்களுக்குத் தண்ணீர் பாட்டில் கொடுத்துக்கொண்டிருந்தாள். அங்கே தன் பழைய விடுதி அறைத் தோழி உசோமா உட்கார்ந்திருப்பதைப் பார்த்தாள். மருத்துவமனையில் பூஞ்சை நோய்களுக்கான துறையில் இருப்பவள். அந்த அரங்கத்திலேயே சாதாரண மஞ்சள் கவுன் போட்டிருந்த ஒரே ஆள் அவள்தான். ஒளிவுமறைவில்லாமல் சோற்றுக்கு வந்தவள்.

"ஏய் அரினோலா, இங்க வா," என்று கிசுகிசுத்தாள் உசோமா. "ஏன்டி எல்லாரும் கேண்டிடாவைக் கட்டிட்டு உக்காந்திருக்காங்க?"

"எதை?"

"கேண்டிடாடி. குழந்தைங்க நாக்குல வெள்ளையா படியுமே, அந்தப் பூஞ்சை. நான் தெனம் பாக்கற மூஞ்சி. முன்னாடி உக்காந்திருக்கற அம்மாவோட முதுகுல இவ்ளோ பெருசா இருக்கு, எனக்குத் தெரியாதா? நான் என்னமோ எங்க துறைக்காரங்க யாருக்கோ பாராட்டு விழான்னு தப்பா வந்துட்டேனோன்னு நினைச்சேன்."

"அது நரம்பு," என்றாள் அரினோலா. 

உசோமா அவளைப் பார்த்தாள். மேடையைப் பார்த்தாள். மேடையில் பேராசிரியர், "ஒன்றுமில்லாததிலிருந்து!" என்று கையை உயர்த்தினார். அரங்கம் எழுந்து நின்று கைதட்டியது. உசோமா கைக்குட்டையை வாயில் திணித்துக்கொண்டு இருக்கைக்குக் கீழே குனிந்தாள். பக்கத்திலிருந்த ஒரு பெரியவர், உணர்ச்சிவசப்பட்டுவிட்டாள் என்று நினைத்து முதுகில் தட்டிக்கொடுத்தார்.

நிமிர்ந்தபோது அவள் கண்ணில் தண்ணீர். "மொத்தம் எத்தனை அளந்தே?"

"நாலாயிரத்து முந்நூத்திப் பன்னெண்டு."

"ஐயோ கடவுளே. மருந்து இல்லாத தட்டுல?"

"கொஞ்சம்தான் வந்துது. வந்ததும் குட்டை. மருந்து போட்டதுல மூணு மடங்கு நீளம். ஆனா உசோமா, மருந்து போட்டதுக்கு மட்டும்தான் ஜெபம்..."

ஜெபத்தைப் பற்றிச் சொன்னாள். உசோமாவுக்குச் சிரிப்பு மறுபடி வந்து, பாதியில் நின்றது.

"இரு. வந்ததே குட்டையா இருந்துதுன்னு சொன்னியே, அது ஜெபத்தால இருக்காதுடி. ஜெபத்தால உள்ள விழலாம், விழுந்ததோட நீளம் எப்படி மாறும்? பூஞ்சைக்கும் மரபணு மேல கட்டு உண்டு. உங்க மருந்து அதை அவுத்திருந்தா? அது எனக்கு வேணும்டி. சத்தியமா வேணும். சுத்தமா மறுபடி ஒரு தடவை செஞ்சு பாப்போம். நிஜம்னா, ஆய்வேட்டை எங்க துறைக்கு மாத்திக்கோ."

"மாத்தணும்னா அவர் கையெழுத்து வேணும். அவர்கிட்ட எப்படிச் சொல்றது? வாக்கியம் முடியறதுக்குள்ள பிடுங்கித் தன் உரையில சேர்த்துக்கறாரு."

"அவர் வாயைத் திறக்க முடியாத நேரம்னு ஒண்ணு இருக்குமில்ல?"

இருந்தது. உரை முடிந்ததும் வெளியே பந்தலில் படம் எடுக்கும் வேலை. பேராசிரியரோடு குடும்பம், பேராசிரியரோடு தேவாலயத்துப் பெண்கள், பேராசிரியரோடு 1979 பள்ளித் தோழர்கள் என்று வரிசை வரிசையாக வந்து நிற்பார்கள். ஒரு மணி நேரத்துக்கு அவர் பல் வரிசை தெரியச் சிரித்தபடி ஆடாமல் நிற்கவேண்டும். ஐந்து கேமராக்காரர்கள் அவரைச் சுற்றி. சிரிப்பைக் கலைத்தால் படம் கெடும்.

ஜொலோஃப் சோற்றின் புகை வாசம் பந்தல் முழுக்கப் பரவியிருந்தது. 'பேராசிரியரோடு ஆய்வகம்' என்று கூப்பிட்டார்கள். முதுகலை மாணவர்கள் இருவரும் அந்த வாசத்தைத் தேடிப் போயிருந்தார்கள். கமொரு வலப்பக்கம், அரினோலா இடப்பக்கம். பேராசிரியர் நடுவில், இரண்டு அங்கிக்குள்.

"இங்க பாருங்க ஐயா! சிரிங்க!"

"ஐயா," என்றாள் அரினோலா, உதட்டை அசைக்காமல். "துணியில இருக்கறது நரம்பு இல்ல, ஐயா. பூஞ்சை."

பளிச்.

"என்ன சொல்றே?" என்றார் பேராசிரியர், பல்லுக்கு நடுவிலிருந்து.

"கேண்டிடா, ஐயா. அதனாலதான் செல் இல்லாத தட்டுலயும் வந்துது."

"ஐயா, இன்னொண்ணு! அப்படியே நில்லுங்க!"

பளிச்.

"யார் சொன்னது?"

"மருத்துவமனை டாக்டர் உசோமா. அதோ, மஞ்சள் கவுன்."

"துணி எடுக்காதவளா?"

"துணியை எடுக்கலை ஐயா. ஆனா உத்துப் பாத்திருக்கா."

"ஐயா, தலையைக் கொஞ்சம் தூக்குங்க! ஆங், பேராசிரியர் மாதிரி!"

பளிச். கமொரு எதிரே பார்த்தபடி, "நானும் பாத்தேன் ஐயா," என்றார். "நரம்பு ஒரு தடவைகூட குட்டி போட்டதில்ல. இது போட்டுது."

பேராசிரியர் சிரித்துக்கொண்டே இருந்தார். அந்தச் சில நிமிடத்தில் எடுத்த ஆறு படங்களும் பிறகு ஆல்பத்தில் வரிசையாக ஒட்டப்பட்டன. அவற்றைப் புரட்டினால், வாய் ஒரே இடத்தில் இருக்க, மேலே இருக்கும் கண்கள் மட்டும் கொஞ்சம் கொஞ்சமாக இறந்துபோவதைப் பார்க்கலாம்.

"எத்தனை பேருக்குத் தெரியும்?" என்று கடைசியில் கேட்டார்.

"நாங்க மூணு பேர், ஐயா."

"எத்தனை பேர் துணி போட்டிருக்காங்க?"

"நானூறு பேர், ஐயா."

அவர் கணக்குப் போட்டுப் பார்த்தார். கணக்கு அவர் பக்கம்தான் இருந்தது. "திங்கட்கிழமை வா," என்றார். 1979 பள்ளித் தோழர்கள் ஆரவாரத்தோடு ஓடிவந்து அவளை ஓரமாகத் தள்ளினார்கள்.

வெள்ளி, சனி, ஞாயிறு மூன்று நாளும் அரினோலாவுக்குச் சோறு இறங்கவில்லை. தேவாலயத்தில் மூன்றாவது தடவையாக டாக்டர் என்றார்கள். தூணுக்குப் பின்னால் போய் நின்றுகொண்டாள்.

திங்கட்கிழமை பேராசிரியர் மேசைக்குப் பின்னால் புதிய மனிதராக உட்கார்ந்திருந்தார்.

"மூணு நாளா யோசிச்சேன் மகளே. சாதாரண விஞ்ஞானி தேடினதைக் கண்டுபிடிப்பான். பெரிய விஞ்ஞானி தேடாததைக் கண்டுபிடிப்பான். நான் எதைத் தேடினேன்?"

"நரம்பை, ஐயா."

"எது கிடைச்சுது?"

"பூஞ்சை, ஐயா."

"பாத்தியா?" என்றார். எதை என்று அவள் கேட்கவில்லை. "இன்னொரு பேருரை ஆற்ற முடியுமான்னு பதிவாளரைக் கேட்டேன். ஆயுசுக்கு ஒண்ணுதானாம். என்ன மாதிரி விதி இது! சரி. உரை அச்சான புத்தகத்துல ஒரு எழுத்தைக்கூட மாத்தறதா இல்ல. உன் ஆய்வேட்டை அந்தப் பொண்ணோட துறைக்கு மாத்திக்கோ. கையெழுத்துப் போடறேன். நான் இணை வழிகாட்டி. என் பேர் முதல்ல வரணும்."

போட்டார். அந்தக் கையெழுத்தின் வால் பக்கத்தைத் தாண்டி மேசை விரிப்பு வரைக்கும் போயிற்று.

அடுத்த நாலரை மாதம் அரினோலா உசோமாவின் ஆய்வகத்தில் கிடந்தாள். அங்கே மூடியைத் திறந்தால் உசோமா முறம் மாதிரி எதையாவது எடுத்து அடிப்பாள். முதலில் நரம்பு செல்களைச் சுத்தமாக வளர்த்து மருந்தைப் போட்டார்கள். நரம்பு ஒரு நூல்கூட நகரவில்லை. அன்றைக்கு அரினோலா கழிப்பறையில் கொஞ்ச நேரம் உட்கார்ந்து அழுதாள். பிறகு பழைய தட்டுகளிலிருந்து சுத்தமாகப் பிரித்த பூஞ்சையை எடுத்து, மருந்து போட்டும் போடாமலும், எந்தத் தட்டு எது என்று தனக்கே தெரியாமல் கமொருவை எண் ஒட்டச் சொல்லி அளந்தாள். தட்டுகளை உசோமா மூன்று தடவை மாற்றி மாற்றி அடுக்கினாள். எண்களைப் பிரித்துப் பார்த்தபோது, மருந்து போட்டதெல்லாம் இரண்டே முக்கால் மடங்கு நீளம்.

"அவுத்துட்டுதுடி கெலேயை!" என்று உசோமா மேசையைத் தட்டினாள். கமொரு முதல் முறையாக, எந்தக் கிண்டலும் கலக்காமல், "டாக்டரம்மா," என்றார். அவளுக்கு அது ஒரு மாதிரியாக இருந்தது.

திருமதி அடெயன்ஜுவிடம் செய்தி எப்படியோ போய்ச் சேர்ந்தது. எல்லாரும் பயந்தார்கள். அவர் உபரியாக அச்சடித்து வைத்திருந்த அறுபது கஜத்தைக் கையில் வைத்துப் பார்த்துவிட்டு, "எதுவா இருந்தா என்ன, சாயம் போகலை," என்றார். கூடத்துக்குத் திரைச்சீலை தைக்கச் சொல்லிவிட்டார்.

நவம்பர் கடைசி வாரம் நேர்முகத் தேர்வு. சாரியாவிலிருந்து வந்த வெளித் தேர்வாளர் மெலிந்த மனிதர். மூக்குக் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றி வைத்துக்கொண்டு இரண்டு மணி நேரம் கேள்வி கேட்டார். அரினோலா அத்தனைக்கும் பதில் சொன்னாள். பேராசிரியர் அடெயன்ஜு இணை வழிகாட்டி என்ற முறையில் ஓரத்து நாற்காலியில் உட்கார்ந்து, ஒவ்வொரு பதிலுக்கும் தானே சொன்னதுபோலத் தலையாட்டினார்.

"பிரமாதம்," என்றார் வெளித் தேர்வாளர். "ஒரே ஒரு திருத்தம். இந்தப் பூஞ்சை எங்கேர்ந்து எடுத்ததுன்னு நீங்க எழுதலை. எந்த மாதிரியா இருந்தாலும் மூலம் எழுதியாகணும். ஆள் பேர் வேணாம். வயசு, ஆணா பெண்ணா, உடம்புல எந்த இடம். தெரியும்தானே?"

தெரியும். மூன்று மாதம் முன்பே உசோமா, பேராசிரியரின் ஆய்வகத்து ஐந்து பேரின் கை, கால், மூக்கு, வாய் எல்லாவற்றையும் பஞ்சால் துடைத்து எடுத்து, தட்டில் வளர்ந்த பூஞ்சையோடு ஒப்பிட்டுப் பார்த்திருந்தாள். அந்த முடிவு அரினோலாவின் கைப்பையில் ஒட்டிய ஓர் உறைக்குள் இருந்தது.

"அது அவ்வளவு அவசியமா?" என்றார் ஓரத்து நாற்காலி.

"அது இல்லாம பட்டம் இல்லை, பேராசிரியரே," என்றார் வெளித் தேர்வாளர்.

பேராசிரியர் கூரையைப் பார்த்தார். அரினோலா அவரைப் பார்க்காமல் பேனாவை எடுத்தாள். அன்று சாயங்காலமே திருத்தம் செய்து கொடுத்தாள். டிசம்பர் ஒன்பதாம் தேதி பட்டம் கிடைத்தது.

ஆய்வேட்டின் நாற்பத்தேழாம் பக்கத்தில், 'மாதிரியின் மூலம்' என்ற தலைப்பின் கீழ் இப்படி இருக்கிறது: ஆண், வயது அறுபத்து மூன்று, மேல்வரிசைப் பொய்ப்பல் செட்டின் உட்புறம்.